பி பக்கத்தில் நான் எழுதிய வரி

ஈரச்சுவர் ரெக்கார்ட்ஸின் வரலாறு என்று தடிமனாக ஒரு புத்தகம் வந்திருக்கிறது. கடைசியில் பெயர்ப் பட்டியல் போட்டிருக்கிறார்கள். ரோனாவின் பெயர் நூற்றுப் பதினோரு பக்கங்களில் வருகிறது. என் பெயர் ஒன்பது பக்கங்களில். இதையெல்லாம் எண்ணிக்கொண்டிருக்கும் ஆள் நான் இல்லை என்று சொல்லத்தான் ஆசை. இரண்டு தடவை எண்ணினேன்.

எழுதியவர் கிளாஸ்கோக்காரர். நல்ல மனிதர்தான், குறை சொல்லக் கூடாது. பிஸ்கட் டப்பாவும் கையுமாக வந்து என் வீட்டில் மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தார். எங்கள் எட்டாவது ரெக்கார்டுத் தட்டைப் பற்றிக் கேட்டபோது, "அதுவா, அச்சுல ஏதோ கோளாறு" என்றேன். நான் சொன்னதை அப்படியே போட்டுவிட்டார். பொய் சொன்னது நான். அச்சில் வந்த பிறகு அதைப் பார்க்கப் பார்க்க எனக்கே பொறுக்கவில்லை. அதனால் நடந்ததை எழுதிவிடுகிறேன்.

எழுபத்தொன்பதில் கிரெகரும் நானும் இந்த ரெக்கார்டு கம்பெனியை ஆரம்பித்தோம். ஸ்காட்லாந்தில், டண்டீயில் அவன் அப்பாவுக்குத் தூண்டில் கடை இருந்தது. கடைக்குப் பின்னால் ஒரு அறை. அதன் வடக்குச் சுவர் வருஷம் முழுக்க ஈரமாக இருக்கும், கை வைத்தால் உள்ளங்கை பச்சையாகிவிடும். கம்பெனிக்குப் பெயர் தேடி வெளியே போக வேண்டியிருக்கவில்லை. நாங்கள் இருவரும் காதலித்தோமா என்று அந்தப் புத்தகக்காரரும் கேட்டார். அட போங்கள் ஐயா. கிரெகருக்கு ரெக்கார்டைத் தவிர வேறெதன் மீதும் ஆசை வந்து நான் பார்த்ததில்லை. தட்டுகளை எங்கள் பக்கத்து அலமாரியில் வைப்போம், அவன் அப்பா மீனுக்குப் போடும் புழு டப்பாக்களை அதன் கீழ் அடுக்கில் வைப்பார். எங்கள் ரெக்கார்டை வாங்கியவர்கள் அட்டையில் ஒரு வாடை அடிப்பதாகக் கடிதம் போட்டது உண்டு.

முதல் தட்டு எங்கள் சொந்தக் குழுவுடையது. கிரெகர் கிடார், நான் பாட்டு. அந்தக் காலத்தில் எங்கள் ஊரில் யார் பாட நின்றாலும் வாயைத் திறந்ததும் அமெரிக்காக்காரன் ஆகிவிடுவான். எனக்கு அது வரவில்லை. மீன் கடையில் என் அம்மா பேரம் பேசுகிற அதே பேச்சில், அதே இழுப்பில் பாடினேன். எடின்பரோ பத்திரிகை ஒன்று இரண்டே வரி எழுதியது: பாடும் பெண்ணுக்குச் சளி பிடித்திருக்கிறது போலும், குணமானதும் மறுபடி முயலட்டும். முந்நூறு தட்டு அடித்தோம். இருநூறுக்கு மேல் புழு அலமாரிக்கு அடியிலேயே கிடந்தது. அதோடு நான் பாடுவதை நிறுத்திவிட்டேன். யாரும் ஏன் என்று கேட்கவுமில்லை.

பாட்டுப் போனதற்குப் பதிலாக எனக்குக் கிடைத்தது அந்த வளையம்.

ரெக்கார்டைக் கையில் எடுத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். பாட்டு முடிந்து, ஊசி உள்ளே போய்ச் சுற்றும் இடத்தில், நடுவில் ஒட்டிய காகிதத்துக்கு முன்னால், விரல் அகலத்துக்கு வெறும் கருப்பு வளையம் ஒன்று இருக்கும். லண்டனில் மூலத் தட்டை வெட்டித் தருபவர் அங்கே எண்ணைக் கீறி வைப்பார். கூடவே ஒரு வரி எழுதச் சொல்லி நாம் கடிதம் போட்டால் அதையும் இரும்பு ஊசியால் கீறித் தருவார். எங்கள் வெட்டுக்காரர் பெர்சி என்ற கிழவர், எழுத்துக்கூட்டலில் தப்பே விடாதவர். ஏ பக்கத்தில் ஒரு கேள்வி, பி பக்கத்தில் அதற்குப் பதில். இதுதான் ஈரச்சுவர் வழக்கம், ஏற்படுத்தியவள் நான். இரண்டாம் தட்டில் 'டீ போட்டது யார்?' என்று கேட்டேன், திருப்பினால் 'கிரெகர் இல்லை'. நான்காவதில் 'மழை விட்டதா?' என்றேன், மறுபக்கம் 'நல்லா கேட்டாய் போ'. பையன்கள் கடையிலேயே தட்டை உருவி வெளிச்சத்தில் சாய்த்துப் படித்துச் சிரிப்பார்கள். லண்டன் பத்திரிகை ஒன்று, பாட்டு பிடிக்காவிட்டாலும் வளையத்துக்காக வாங்கலாம் என்றுகூட எழுதியது. கீழே என் பெயர் இருக்காது. இருந்தாலும் அது என்னுடையது. ஊரிலுள்ள மற்றவர்கள் எல்லாம் பாட்டில் இருந்தார்கள், நான் பாட்டு முடிந்த இடத்தில் இருந்தேன்.

அப்புறம் ரோனா வந்தாள்.

ஆர்பிராத் என்ற கடற்கரை ஊரில் மீன் புகைபோடும் குடும்பம். பத்தொன்பது வயது. அப்பாவின் கடல் கோட்டு முழங்கால் வரை தொங்கும், அதைப் போட்டுக்கொண்டுதான் எங்கும் வருவாள். அவள் குழுவின் பெயர் 'ஞாயிறு விடுமுறை'. துறைமுகத் தொழிலாளர் மன்றத்தில் பாடுகிறார்கள் என்று கிரெகர் என்னை இழுத்துக்கொண்டு போனான். அவள் வாயைத் திறந்தாள். என் அடிவயிற்றில் தீப்பிடித்தது.

நன்றாகப் பாடினாள் என்பதற்காக அல்ல. நன்றாகப் பாடுகிறவர்கள் நிறையப் பேரைப் பார்த்திருக்கிறேன், கைதட்டியும் இருக்கிறேன். அவள் நான் பாடியது போலப் பாடினாள். அதே மீன்கடை இழுப்பு, வரியின் கடைசியில் அதே அலுப்பு. நான் எட்டிப் பிடிக்க முடியாமல் விட்ட இடத்தை அவள் போகிற போக்கில் தொட்டுவிட்டுப் போனாள். நான் பாடியபோது சளி. அவள் பாடியபோது அதே எடின்பரோ பத்திரிகை, 'கடைசியில் நம் ஊர் தன் சொந்தக் குரலில் பேசுகிறது' என்று அரைப் பக்கம் எழுதியது. அந்தப் பத்திரிகையை நான் படித்துவிட்டுப் புழு டப்பாவுக்கு அடியில் விரித்தேன்.

"என்னமா பாடறா பாத்தியா!" என்று கிரெகர் ஒரு வாரம் உளறிக்கொண்டிருந்தான். "எங்கேர்ந்து புடிச்சா இந்தக் குரலை?"

எங்கிருந்து பிடித்தாள் என்று எனக்குத் தெரியும் என்றுதான் நினைத்தேன். ஆனால் எப்படிச் சொல்வது? முந்நூறு தட்டு போட்டு நூறுகூட விற்காத ஒருத்தி, இது என் குரல் என்று சொன்னால் நாய்கூடச் சிரிக்கும். அதுவுமில்லாமல் ஆர்பிராத்தில் இருந்த பெண் என் தட்டை எங்கே கேட்டிருக்கப் போகிறாள்? வாயை மூடிக்கொண்டேன். அவளிடம் நன்றாகத்தான் நடந்துகொண்டேன். டீ போட்டுக் கொடுத்தேன், "ஜமாய்ச்சிட்டே ரோனா" என்று சொன்னேன். சொல்லும்போது எனக்குக் கடைவாய்ப் பல் வலித்தது.

எட்டாவது தட்டு அவளுடையது என்று முடிவாயிற்று. ஒரு காலை கிரெகர் தலையைச் சொறிந்துகொண்டு என் மேசைக்கு வந்தான். அவன் தலையைச் சொறிந்தால் எனக்கு ஏதோ நஷ்டம் என்று அர்த்தம்.

"மோராக், இந்தத் தடவ வளையத்துல ரோனா எழுதட்டுமே."

"எதுக்கு?"

"அவ ஆசைப்பட்டுக் கேக்கறா."

"நாளைக்கு என் நாற்காலியக் கேட்டாலும் குடுத்துடுவியா? என் மேல்கோட்டு வேணுமான்னும் கேட்டுட்டு வா."

"ஏம்மா தாயே, ரெண்டு வரி. ரெண்டே ரெண்டு வரி. அதுக்கு இந்தக் குதி குதிக்கற?"

"ரெண்டு வரிதானே, அப்ப அவளுக்கு எதுக்கு? ரெண்டு பாட்டுப் பாடறா இல்ல, போதாதா?"

கத்தினேன். கடையில் தூண்டில் வாங்க வந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். கடைசியில் ஒரு வழியாக ஏ பக்கம் அவளுக்கு, பி பக்கம் எனக்கு என்று பிரித்தோம். கேள்வி அவளுடையது, பதில் என்னுடையது. கேள்வி என்னவென்று தெரியாமல் பதில் எழுதுவது எப்படி என்று நான் கேட்டதற்குக் கிரெகர், "அதான் தமாஷே" என்றான்.

மறுநாள் ரோனா ஒட்டிய உறை ஒன்றைக் கொண்டுவந்தாள். உள்ளே அவள் வரி.

"மோராக், நீங்க மட்டும் பாக்கக் கூடாது. சத்தியமா பாக்கக் கூடாது. தட்டு வந்தப்புறம் பாருங்க."

பல்லெல்லாம் தெரியச் சிரித்தாள். எனக்குக் காதில் புகை வந்தது. மற்றவர்கள் பார்க்கலாம், நான் மட்டும் பார்க்கக் கூடாதாம். அவ்வளவு திமிர். நானே ஏற்படுத்திய வழக்கத்தில் என்னையே வெளியில் நிறுத்துகிறாள் என்று தோன்றியது. அந்த உறையை வெளிச்சத்தில் பிடித்துக்கூடப் பார்க்கவில்லை. அந்த அளவுக்குத் தாழ்ந்துவிட மாட்டேன் என்று எனக்கு நானே பெருமையாகச் சொல்லிக்கொண்டேன். பிறகு உட்கார்ந்து பெர்சிக்கு என் கடிதத்தை எழுதினேன். பி பக்கம்: 'குரல் இரவல். எடுத்த இடத்தில் வை.'

எழுதி முடித்ததும் எவ்வளவு நிம்மதியாக இருந்தது என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். இரண்டையும் ஒரே தபாலில் போட்டுவிட்டு இறைச்சி அடைத்த பிரைடி ரொட்டி, வெங்காயம் போட்டதாக ஒன்று வாங்கித் தின்றேன்.

மூன்று வாரத்தில் மாதிரித் தட்டுகள் வந்தன. மாதிரியைச் சரி என்று சொன்னால்தான் ஆயிரமும் அடிப்பார்கள். கிரெகர் இரண்டு பக்கத்தையும் போட்டுக் கேட்டான். அவனுக்குக் கிட்டத்தில் இருப்பது சரியாகத் தெரியாது, வளையத்தை எப்போதும் என்னிடம்தான் விடுவான். "நீ பாத்துடு" என்று சொல்லிவிட்டுப் போனான். பி பக்கத்தை ஜன்னலருகே சாய்த்தேன். பெர்சி ஒரு எழுத்துப் பிசகாமல் கீறியிருந்தார். ஏ பக்கத்தைத் திருப்பவில்லை. நான் பார்க்கக் கூடாது என்றாளே, சரி, பார்க்கவில்லை. அவள் எதையோ சாமர்த்தியமாக எழுதியிருப்பாள், அது என்னுடையதைவிட நன்றாக இருந்து தொலைக்கும், அதை நான் படித்து வயிறெரிய வேண்டும். எனக்கு என்ன தலையெழுத்தா? 'எல்லாம் சரி' என்று தொழிற்சாலைக்குத் தந்தி அடித்தேன்.

ஆயிரம் தட்டும் ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணிக்கு வந்திறங்கின. பத்துப் பெட்டி. கிரெகர் கடை கடையாகச் சொல்ல அபெர்டீன் போயிருந்தான். நான்கு மணிக்குக் குழு வருவதாக ஏற்பாடு. அட்டை மடிப்பது எங்களிடம் அப்படித்தான், பாடினவர்களே வந்து உட்கார்ந்து மடித்து, ஒட்டி, தட்டைப் போட வேண்டும். முதல் பெட்டியைப் பிரித்தேன். மேலே இருந்த தட்டில் ஏ பக்கம் நிமிர்ந்து கிடந்தது. ஆயிரம் தட்டை எதிரில் வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம்தான் கண்ணை மூடிக்கொண்டிருப்பது? படித்தேன்.

'ஈரச்சுவர் ஒன்றைக் கேட்டுத்தான் வாய் திறந்தேன், மோராக்.'

ஒன்று என்றால் எங்கள் முதல் தட்டு. என் சளித் தட்டு.

மறுபடி படித்தேன். கேட்டிருக்கிறாள். வாங்கின நூறு பேருக்குள் எவரோ ஒருவர் மூலம் ஆர்பிராத் வரை போயிருக்கிறது. என் பெயர் ஒரு ரெக்கார்டின் உடம்பில் இருந்தது. காகிதத்தில் அச்சடித்ததல்ல, தட்டிலேயே. என் பெயர் அதற்கு முன்னால் அப்படி வந்ததில்லை, பிறகும் வரவில்லை. ஒரு நிமிஷம், சத்தியமாகச் சொல்கிறேன், உலகத்தில் என்னைவிடச் சந்தோஷமாக யாரும் இருந்திருக்க மாட்டார்கள். அப்புறம் தட்டைத் திருப்பினேன்.

ஈரச்சுவர் வாங்குகிற ஒவ்வொருவனும் ஏ பக்கம் படித்தால் பி பக்கம் படிப்பான். கேள்விக்குப் பதில் என்று நானே அவர்களைப் பழக்கி வைத்திருக்கிறேன். உங்களைக் கேட்டுத்தான் பாட வந்தேன் என்று அந்தப் பெண் சொல்கிறாள். அதற்கு மோராக் பதில் சொல்கிறாள்: குரல் இரவல், எடுத்த இடத்தில் வை. ஆயிரம் தட்டிலும் அப்படியே சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

அட்டையில் ஓட்டை போடும் குத்தூசி மேசையில் கிடந்தது. எடுத்தேன். பி பக்கத்தின் வளையத்தில் எழுத்துகளின் மேல் குறுக்கும் நெடுக்குமாகக் கீறினேன். முதல் தட்டுக்கு நாலு நிமிஷம் பிடித்தது. பத்தாவதுக்கு ஒரு நிமிஷம். நான்கு மணிக்குள் முடியாது என்று கணக்குப் போட்டால் தெரிந்துவிடும், அதனால் போடவில்லை. கட்டைவிரலில் தோல் உரிந்தது. பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டு கீறினேன். மூன்றாவது பெட்டியில் பாதி போனபோது கடை மணி அடித்தது.

"மோராக்! சாப்பிட்டிருக்க மாட்டீங்கன்னு தெரியும். சாதா ஒன்னு, வெங்காயம் ஒன்னு. எது வேணும்?"

மணி ஒன்றுதான் ஆகியிருந்தது. கடல் கோட்டோடு, பிரைடிப் பொட்டலத்தோடு ரோனா நின்றாள். அவள் கண் நேராகப் பெட்டிகளுக்குப் போயிற்று.

"வந்துடுச்சா! பாத்தீங்களா? ஏ பக்கம் பாத்தீங்களா?"

"பாத்தேன்."

"என்ன தோணிச்சு? சொல்லுங்க. என் அண்ணன் சந்தையில ஒரு மூலைல கண்டெடுத்தான் அந்தத் தட்ட. மீன் வாடை வேற. நான் அதத் தேயறவரைக்கும்..." அவள் என் கையைப் பார்த்தாள். "என்ன பண்றீங்க?"

"அச்சுல ஒரு கோளாறு" என்றேன். அந்தப் பொய்யை முதலில் சொன்னது அவளிடம்தான்.

நான் தடுப்பதற்குள் கீறாத பெட்டியிலிருந்து ஒன்றை உருவி ஜன்னலுக்குப் போனாள். ஏ பக்கத்தைப் பார்த்து உதட்டுக்குள் சிரித்தாள். திருப்பினாள். வெளிச்சத்தில் சாய்த்தாள். ஒரு தடவைதான் படித்தாள். பிரைடிப் பொட்டலத்தை மெதுவாக மேசையில் வைத்தாள்.

"நீங்க எழுதினதா?"

"உன் பக்கத்துல என்ன இருக்குன்னு தெரியாது ரோனா. தெரிஞ்சிருந்தா—"

"தெரியாமத்தான் எழுதினீங்க. அப்பதானே மனசுல இருக்கறது வரும்."

"பொறாமை. வேற ஒன்னுமில்ல. வயித்தெரிச்சல். நீ பாடறத கேட்டாலே எனக்கு எரியும். கீறிடறேன், எல்லாத்தையும் கீறிடறேன், யாரும் படிக்க மாட்டாங்க. உன் வரி மட்டும் இருக்கும்."

"திருப்பிக் குடுன்னு எழுதியிருக்க." அவள் குரல் ஏறவில்லை. அந்தக் குரலில் அதே இழுப்பு, வரியின் கடைசியில் அதே அலுப்பு. "நீ கேக்கறதுக்கு முன்னாடியே குடுத்துட்டேனே. அந்தப் பக்கம் என்ன எழுதியிருக்கேன்? அதுதானே?"

நான் அடுத்த தட்டை எடுத்து பி பக்கத்தில் ஊசியை வைத்தேன்.

"அப்ப என் பக்கத்தயும் கீறு."

"வேணாம் ரோனா."

"ஏன் வேணாம்?"

"அதுல என் பேரு இருக்கு."

சொல்லிவிட்டேன். அவள் முகத்துக்கு நேராக, வெட்கமில்லாமல் அதைத்தான் சொன்னேன். மன்னித்துக்கொள் என்று சொல்லியிருக்கலாம். அது அப்போது நினைவுக்கே வரவில்லை.

"அதான் கீறச் சொல்றேன்" என்றாள் ரோனா. "நான் யாரைக் கேட்டுப் பாட வந்தேனோ, அவ வேற ஆளு."

கதவருகே நின்று, மடிக்க நான்கு மணிக்குக் குழு வரும், தனக்கு மட்டும் வேலை இருக்கிறது என்று கிரெகரிடம் சொல்லச் சொன்னாள். கடை மணி மறுபடி அடித்தது. ரோனா அந்த வசந்தத்தில் லண்டன் போனதற்குப் பெரிய கம்பெனி கூப்பிட்டதுதான் காரணம் என்று புத்தகத்தில் போட்டிருக்கிறது. கூப்பிட்டது வாஸ்தவம்தான்.

ஏற்கெனவே பி பக்கம் மட்டும் கீறிய இருநூற்றைம்பது தட்டுகளில் அவள் வரி, என் பெயரோடு, முழுசாக இருந்தது. அவற்றை முதலில் எடுத்து அட்டைக்குள் போட்டு ஒளித்துவிடலாமா என்று யோசித்தேன். யோசித்தேன் என்ன, போட்டேன். அந்த அளவுக்குத்தான் நான் நல்லவள். மிச்சத்தை முன்னால் இழுத்து வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக எடுத்தேன். பி பக்கத்தைப் பார்க்காமலே கீறப் பழகியிருந்தேன். ஏ பக்கத்தை மட்டும் ஒவ்வொரு தடவையும் ஜன்னல் பக்கம் சாய்த்து, என் பெயர் வரும் இடம் வரை முழுசாகப் படித்துவிட்டு, அப்புறம்தான் கீறினேன்.